மெக்சிகோ சினிமாவின் பொற்காலத் தயாரிப்பாளர்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெத்ரோ இன்ஃபாந்தே, மரியா ஃபெலிக்ஸ், காந்தின்ஃப்ளாஸ் என்று நடிகர் பெயர்களை அடுக்கத் தெரிந்தவர்களுக்குக்கூட, அந்தப் படங்களுக்குப் பணம் புரட்டியவர்கள் யார் என்று கேட்டால் பதில் வராது. அந்தக் காலத் தயாரிப்பாளரின் தொழில் எப்படி நடந்தது, எங்கே லாபம் பார்த்தார், எங்கே விழுந்தார் என்று கேட்பவர்களுக்கான பக்கம் இது.

பொற்காலம் என்று எந்த ஆண்டுகளைச் சொல்கிறார்கள்?

தோராயமாக 1936 முதல் 1950களின் பிற்பாதி வரை. 1936இல் ஃபெர்னாந்தோ தெ ஃபுவெந்தெஸ் இயக்கிய ‘ஆயா என் எல் ரான்சோ கிராந்தே’ என்ற பண்ணைப் பாட்டுப்படம் இலத்தீன் அமெரிக்கா முழுக்க ஓடி, மெக்சிகோ படத்துக்கு வெளிநாட்டு ஏரியா உண்டு என்று காட்டியது. அடுத்து இரண்டாம் உலகப்போர். மெக்சிகோ 1942இல் நேச நாடுகள் பக்கம் சேர்ந்ததால் அமெரிக்காவிலிருந்து கச்சா ஃபிலிம் தடையில்லாமல் வந்தது. நடுநிலை பேசிய அர்ஜென்டினாவுக்கு அதே ஃபிலிம் அளந்து அளந்துதான் கிடைத்தது. ஸ்பானிய மொழிப் படவுலகில் பெரிய போட்டியாளரின் கை அப்படிக் கட்டுண்டது. 1941இல் 37 படங்கள் எடுத்த மெக்சிகோ 1945இல் 82 எடுத்தது. 1950இல் எண்ணிக்கை 120ஐத் தாண்டியது.

தயாரிப்பாளர் என்றால் சொந்தப் பணத்தைப் போடும் முதலாளியா?

பெரும்பாலும் இல்லை. பிறர் பணத்தைப் படமாக்கத் தெரிந்தவர்தான் அங்கே தயாரிப்பாளர். கதை, நடிகரின் கால்ஷீட், விநியோகஸ்தரின் அட்வான்ஸ், வங்கிக் கடன் ஆகிய நான்கையும் ஒரே வாரத்தில் ஒரே மேசைக்குக் கொண்டுவருவதுதான் அவருடைய வித்தை. இந்தப் பக்கத்தில் வரும் மற்ற பதில்கள் எல்லாம் இதிலிருந்துதான் கிளைக்கின்றன.

இந்தத் தொழிலுக்கு எந்தெந்த வாசல் வழியாக வந்தார்கள்?

தியேட்டர் வாசல் பழையது. வடக்கே சிவாவா மாநிலத்துக் கால்தெரோன் குடும்பம் முதலில் தியேட்டரும் விநியோகமும் நடத்தியது. அடுத்த தலைமுறையில் பெத்ரோ, கிய்யெர்மோ என்ற சகோதரர்கள் தயாரிப்பில் இறங்கி, இரவு விடுதி நடனப் படங்களைக் குவித்தார்கள். கியூபா நடனக்காரி நினோன் செவியா நடித்த ‘அவெந்துரேரா’ (1950) பெத்ரோவின் தயாரிப்பு. அந்த வகைப் படத்தில் செலவு எப்படி அடங்கியது என்று கவனியுங்கள்: வானொலியில் ஏற்கெனவே ஊரே முணுமுணுக்கும் பொலேரோ பாட்டு, ஒரு விடுதி செட், பெயர் பெற்ற இசைக்குழு. பாட்டே படத்துக்கு விளம்பரம்.

ஒலிப்பதிவு அறை இன்னொரு வாசல். ரோத்ரிகெஸ் சகோதரர்களில் ஹோசெலிட்டோவும் ரொபெர்தோவும் உருவாக்கிய ஒலிப்பதிவு முறையில்தான் மெக்சிகோவின் முதல் வெற்றிகரமான பேசும்படமான ‘சாந்தா’ (1932) வந்தது. பிற்பாடு குடும்பமே கம்பெனி ஆயிற்று. தம்பி இஸ்மாயெல் இயக்க, பெத்ரோ இன்ஃபாந்தே நடித்த ‘நொசோத்ரோஸ் லோஸ் பொப்ரெஸ்’ 1948இல் வெளியாகி வசூலை அள்ளியது. இரண்டாம் பாகமும் அதே ஆண்டிலேயே தயார்.

நடிகர்களும் வந்தார்கள். குதிரை வீரன் வேடத்தில் புகழ்பெற்ற ராவுல் தெ அந்தா தயாரிப்பாளராகி, அலெஹாந்த்ரோ கலிந்தோ இயக்கிய குத்துச்சண்டைப் படமான ‘கம்பெயோன் சின் கொரோனா’வை (1946) எடுத்தார். காதல் நாயகனாக நடித்த ஆபெல் சலாசார் 1957இல் ‘எல் வம்பீரோ’ எடுத்துப் பேய்ப்பட அலையைக் கிளப்பிவிட்டார். ஐரோப்பாவிலிருந்து வந்து நிலைத்தவர்களும் உண்டு: ஒஸ்கர் டான்சிகர்ஸ், ஜாக் கெல்மன். இருவருமே ரஷ்யாவில் பிறந்து பாரிஸ் வழியாக வந்தவர்கள்.

கடன் வாங்குவது எப்படி நடந்தது? படிப்படியாகச் சொல்ல முடியுமா?

1942இல் படத்துறைக்கென்றே ஒரு வங்கி தொடங்கினார்கள். அரசு ஆதரவும் தனியார் வங்கிப் பணமும் கலந்தது. 1947இல் அது தேசிய திரைப்பட வங்கி ஆனது. அதைச் சுற்றி விநியோகத்துக்கு மூன்று கம்பெனிகள் வளர்ந்தன. உள்நாட்டுக்கு ‘பெலிக்குலாஸ் நசியொனாலெஸ்’ (1947), இலத்தீன் அமெரிக்கா போன்ற வெளிநாடுகளுக்கு ‘பெல்மெக்ஸ்’ (1945), மிச்சமிருந்த ஏற்றுமதிச் சந்தைகளுக்கு ‘சிமெக்ஸ்’ (1954).

முதல் படி திரைக்கதை. உள்துறை அமைச்சகத்தின் கீழ் இருந்த திரைப்பட இயக்ககத்தின் அனுமதி வாங்க வேண்டும். அது இல்லாமல் படப்பிடிப்பு தொடங்கினால், பிறகு திரையிடும் அனுமதியில் கழுத்தறுப்பு நடக்கும். அடுத்து நட்சத்திரத்தின் எழுத்துபூர்வ ஒப்புதல். பெயரில்லாத பட்ஜெட்டை யாரும் ஏறெடுத்துப் பார்க்க மாட்டார்கள். மூன்றாவதாகத் துறைவாரிப் பட்ஜெட்: கதை உரிமை, நடிகர், யூனிட் சம்பளம், ஸ்டூடியோ ஃப்ளோர் வாடகை, ஃபிலிம், லேப், இசை. இத்தனையும் கையில் வைத்துக்கொண்டு விநியோகக் கம்பெனிக்குப் போனால், படம் எந்த ஏரியாவில் எவ்வளவு பிடிக்கும் என்று கணக்குப் போட்டு அட்வான்ஸ் தொகையைச் சொல்வார்கள். அதைத் தூக்கி நிறுத்துவது வங்கிப் பணம். ஈடு, படத்தின் நெகட்டிவும் வரப்போகும் வசூலும்.

வசூல் வரும்போது வரிசை தலைகீழ். விநியோகக் கமிஷன், பிரதிச் செலவு, விளம்பரம் முதலில் கழியும். பிறகு வங்கிக் கடனும் வட்டியும். மிஞ்சினால்தான் தயாரிப்பாளருக்கு. படம் தியேட்டர் கிடைக்காமல் பெட்டிக்குள் தூங்கினால் அத்தனை நாளும் வட்டி ஓடும். ஸ்பானிய மொழியில் இப்படிப்பட்ட படத்தை ‘டின்னில் அடைத்தது’ என்றே சொல்வார்கள்.

அப்படியானால் லாபம் எங்கிருந்து?

தொழிலின் அழுகல் தொடங்கும் இடம் இந்தக் கேள்விதான். விளக்கத்துக்கு ஒரு கற்பனைக் கணக்கு. பட்ஜெட்டில் 8 லட்சம் பேசோ என்று எழுதுகிறார். வங்கியும் விநியோகஸ்தரும் சேர்ந்து அதில் 6 லட்சம் தருகிறார்கள். மீதி 2 லட்சம் தயாரிப்பாளர் போட வேண்டும். அவர் படத்தை மூன்று வாரத்தில், இருக்கிற செட்டில், இரண்டாவது டேக்குக்கு மேல் போகாமல், 5 லட்சத்தில் முடிக்கிறார். சொந்தப் பணம் ஒரு பேசோகூடப் போடவில்லை. வெளியீட்டுக்கு முன்பே ஒரு லட்சம் கையில். படம் ஓடினால் நல்லது. ஓடாவிட்டால் நெகட்டிவை வங்கி வைத்துக்கொள்ளட்டும்.

1953இல் வங்கித் தலைவர் எதுவார்தோ கர்துன்யோ கொண்டுவந்த திட்டம், கடனை விநியோகக் கம்பெனிகள் வழியாகத் தருவது என்றாக்கியது. அந்தக் கம்பெனிகளிலோ தயாரிப்பாளர்களே பங்குதாரர்கள். தனக்குத் தானே அட்வான்ஸ் மதிப்பிட்டுக்கொள்ளும் நிலை. பூனையிடம் பால் சட்டியைக் கொடுத்த கதை. இந்த முறையில் பிறந்த அவசரப் படங்களுக்கு ‘சூரோ’ என்று பெயர் வந்தது. முறுக்கு போல மாவைப் பிழிந்து எண்ணெயில் பொரித்துச் சர்க்கரை தூவும் பலகாரம் அது. மலிவு, எல்லாம் ஒரே அச்சு, ஆறினால் தின்ன முடியாது.

பேசோ மதிப்புக் குறைப்பு தயாரிப்பாளரை எப்படித் தாக்கியது?

1954 ஏப்ரலில் ஒரு டாலர் 8.65 பேசோவிலிருந்து 12.50க்குப் போனது. கச்சா ஃபிலிம் டாலர் சரக்கு. 100 டாலர் ஃபிலிமுக்கு 865 பேசோ கொடுத்தவர் 1,250 எண்ண வேண்டியதாயிற்று. 35 மி.மீ. ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். 90 நிமிடப் படத்துக்கு முடிந்த நீளமே 8,100 அடி. ஓர் அடி பயன்பட நான்கடி எடுத்தால் 32,400 அடி நெகட்டிவ். அதற்குப் பிறகு எடுத்ததைப் போட்டுப் பார்க்கும் ரஷ் பிரிண்ட், ஒலி நெகட்டிவ், தியேட்டர் பிரதிகள். டேக் எண்ணிக்கையைக் குறைப்பதுதான் உடனடி வைத்தியம். அந்தக் காலப் படங்களில் வசனம் தடுமாறியும் அப்படியே விட்ட ஷாட்டுகளுக்கு இதுவும் ஒரு காரணம்.

மறுபக்கம், மெக்சிகோ நகரில் 1950களில் டிக்கெட் விலை 4 பேசோவில் கட்டிப்போடப்பட்டிருந்தது. செலவு டாலரில் ஏற, உள்ளூர் வரவு அசையவில்லை. தாக்குப்பிடித்தவர்கள் வெளிநாட்டு வசூல் உள்ளவர்கள். அவர்களுக்கு வரும் டாலர் இப்போது கூடுதல் பேசோவானது.

நட்சத்திரத்தை வைத்து ஒருவர் ஆயுள் முழுக்கப் பிழைக்க முடிந்ததா?

ஜாக் கெல்மன் பிழைத்தார், ராஜா மாதிரி. 1938இல் மெக்சிகோ வந்தவர். விளம்பரக்காரர் சாந்தியாகோ ரெயாச்சி, நடிகர் மரியோ மொரேனோ என்ற காந்தின்ஃப்ளாஸ் ஆகியோருடன் ‘போசா ஃபிலிம்ஸ்’ கம்பெனியில் கூட்டாளி. கம்பெனி முதலில் எடுத்தவை விளம்பரக் குறும்படங்கள். எவரெடி பேட்டரிக்கும் கனடா டிரை இஞ்சி பானத்துக்கும் காந்தின்ஃப்ளாஸ் கோமாளித்தனம் செய்தார். 1941 முதல் முழுநீளப் படங்கள்.

சூத்திரம் எளிது. நடிகரே பங்குதாரர், ஆகையால் சம்பளத் தகராறு இல்லை. அவசரப்பட்டுப் படங்களைக் குவிக்கவில்லை. இயக்குநர் மாறுவதில்லை: மிகெல் தெல்காதோ 1941இன் ‘எல் கெந்தார்மே தெஸ்கொனொசீதோ’ முதல் 1982இன் ‘எல் பர்ரெந்தேரோ’ வரை ஏறக்குறைய எல்லாவற்றையும் இயக்கினார். உலக விநியோகம் ஹாலிவுட்டின் கொலம்பியா பிக்சர்ஸ். அதனால் கெல்மனுக்கு உள்ளூர் வங்கியின் வாசலில் நிற்க வேண்டிய அவசியமும் குறைவு. கலைரீதியாகப் பார்த்தால் படங்கள் வரவரச் சலித்தன, அது வேறு விஷயம். லாபத்தில் அவரும் மனைவி நத்தாஷாவும் ஓவியங்கள் வாங்கினார்கள். 1943இல் தியேகோ ரிவேரா நத்தாஷாவை வரைந்தார். ஐரோப்பிய ஓவியத் தொகுப்பு பின்னாளில் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்துக்குப் போனது.

நட்சத்திரம் இறந்தால்?

ஹோர்ஹே நெக்ரெத்தே 1953 டிசம்பரில் போனார். பெத்ரோ இன்ஃபாந்தே 1957 ஏப்ரல் 15 அன்று மெரிதாவில் விமான விபத்தில் இறந்தார். கடன் அட்டவணை முழுக்க நாலைந்து பெயர்களை நம்பி இருந்த தொழிலில், ஒவ்வொரு மரணமும் பல படங்களின் அட்வான்ஸை ஒரே நாளில் அழித்தது.

தொழிற்சங்கத்தை எப்படிச் சமாளித்தார்கள்?

1945இல் சங்கம் உடைந்தது. முழுநீளப் படங்களில் வேலை செய்வோர் ‘எஸ்.டி.பி.சி.’ என்று பிரிந்தார்கள். முன்னணியில் காந்தின்ஃப்ளாஸ், நெக்ரெத்தே, ஒளிப்பதிவாளர் கப்ரியெல் ஃபிகெரோவா. பழைய ‘எஸ்.டி.ஐ.சி.’ சங்கத்துக்குச் செய்திப்படம், குறும்படம், தியேட்டர், விநியோக ஊழியர்கள் என்று ஒதுக்கினார்கள். முழுநீளப் படம் எடுக்க வேண்டுமானால் எஸ்.டி.பி.சி. யூனிட்தான், அவர்கள் சொல்லும் ஆள் எண்ணிக்கையோடுதான்.

இதில் ஓட்டை கண்டுபிடித்தார்கள், அழகான ஓட்டை. மெக்சிகோ நகரில் 1957இல் தொடங்கிய ‘அமெரிக்கா’ என்ற ஸ்டூடியோவில் எஸ்.டி.ஐ.சி. ஆட்களை வைத்து அரைமணி நேர எபிசோடுகளாக எடுப்பது. காகிதத்தில் அது குறும்படத் தொடர். பிறகு மூன்று எபிசோடுகளை ஒட்டினால் ஒரு முழுநீளப் படம்! நோஸ்திரதாமுஸ் என்ற இரத்தக்காட்டேரித் தொடரின் 12 எபிசோடுகள் இப்படி நான்கு படங்களாயின. பார்க்கும்போது அரைமணிக்கு ஒருமுறை கதை திடீரென உச்சத்துக்கு ஏறி, மறுபடி முதலிலிருந்து மூச்சு வாங்குவது போலிருந்தால், அது இந்த ஒட்டுவேலை.

இயக்குநர் பிரிவு பல ஆண்டுகள் புது உறுப்பினர்களுக்குக் கதவைச் சாத்தியே வைத்திருந்தது. தயாரிப்பாளருக்கு இது வசதியாகவே இருந்தது, பழக்கமான ஆள் சொன்ன தேதியில் முடிப்பார். விளைவு, 1960களில் படங்களுக்கும் இயக்குநர்களுக்கும் சேர்ந்தே நரை விழுந்தது. 1965இல் சங்கமே சோதனைப் படப் போட்டி வைத்துக் கதவைத் திறக்க வேண்டியதாயிற்று.

தியேட்டர் ஏகபோகம் என்று அடிக்கடி படிக்கிறோமே, அது என்ன?

புவெப்லா நகரில் குடியேறிச் சர்க்கரை ஆலையில் பணம் சேர்த்த வில்லியம் ஜென்கின்ஸ் என்ற அமெரிக்கர், மனுவெல் எஸ்பினோசா இக்லேசியாஸ், கப்ரியெல் அலார்கோன் என்ற கூட்டாளிகளுடன் நாட்டின் தியேட்டர்களில் மிகப் பெரும்பகுதியைக் கையில் வைத்திருந்தார். எந்தப் படம் எந்த வாரம், எத்தனை நாள் என்பது அவர்கள் கையில். 1952இன் சட்டத் திருத்தம் திரை நேரத்தில் பாதி உள்நாட்டுப் படங்களுக்கு என்றது. தியேட்டர்காரர்கள் நீதிமன்றத் தடை வாங்கினார்கள். மௌனப்பட நாளிலிருந்து தொழிலில் இருந்த மிகெல் கொந்த்ரேராஸ் தொர்ரெஸ் இந்தக் கூட்டத்தைப் பகிரங்கமாகத் தாக்கியவர்களில் ஒருவர். பலர் வாய் திறக்கவில்லை. காரணம் எளிது, அதே கூட்டம் தயாரிப்புக்கு அட்வான்ஸும் கொடுத்தது. 1960இல் அரசு இரு பெரிய தியேட்டர் குழுமங்களையும் வாங்கியது.

தணிக்கையில் மாட்டினால் என்ன ஆகும்?

காட்சி வெட்டோடு போனால் அதிர்ஷ்டம். ரொபெர்தோ கவால்தோன் 1961இல் எடுத்த ‘ரோசா பிளாங்கா’ எண்ணெய்க் கம்பெனியின் அட்டூழியத்தைப் பேசியது. வெளியானது 1972இல். ஹூலியோ பிராச்சோவின் ‘லா சொம்ப்ரா தெல் கவுதியோ’ (1960) புரட்சிக்குப் பிந்தைய ராணுவத் தலைவர்களைத் தொட்டது. 1990வரை தடை. திரைக்கதை அனுமதி கையில் இருந்தும் படம் முடங்கலாம் என்று இவை கற்றுக்கொடுத்தன. பிறகு எந்தத் தயாரிப்பாளர் ராணுவத்தையோ ஜனாதிபதியையோ தொடுவார்?

ஸ்பெயினில் பிறந்த இயக்குநர் லூயிஸ் புனுயெலுக்குப் படம் கொடுத்தவர் யார்?

ஒஸ்கர் டான்சிகர்ஸ். இவருடைய கணக்கு தனி ரகம்: ஒரு வசூல் படம் எடு, அதற்குப் பரிசாக ஒரு துணிச்சல் படம். முதல் கூட்டணி ‘கிரான் கசீனோ’ (1947), நெக்ரெத்தே இருந்தும் சரியாகப் போகவில்லை. புனுயெல் ஏறக்குறைய மூன்று ஆண்டு வேலையில்லாமல் இருந்தார். 1949இன் நகைச்சுவைப் படம் ‘எல் கிரான் கலவேரா’ ஓடியது. அதன்பின் புனுயெல் லாட்டரிச் சீட்டு விற்கும் அனாதைப் பையனைப் பற்றி ஒரு மெலோடிராமா யோசித்தார். வேண்டாம், ஏழைச் சிறுவர்களைப் பற்றிக் கனமாக ஒன்று செய்வோம் என்று திருப்பிவிட்டவர் டான்சிகர்ஸ். அதுதான் ‘லோஸ் ஒல்விதாதோஸ்’ (1950).

ஆனால் பணப்பெட்டியின் சாவி தன்னிடம் என்பதை அவர் மறக்கவில்லை. பாதி கட்டிய கட்டடத்தின் எலும்புக்கூட்டுக்குள், பின்னணியில் மங்கலாக, நூறு பேர் கொண்ட இசைக்குழு வாசித்துக்கொண்டிருக்க வேண்டும் என்று புனுயெல் ஆசைப்பட்டார். முடியாது என்றுவிட்டார். தெபெயாக் ஸ்டூடியோவிலும் தெருக்களிலுமாக நான்கு வாரத்தில் படம் முடிந்தது. வசனத்தில் உதவிய பெத்ரோ தெ உர்திமாலாஸ் தன் பெயரைப் போடவேண்டாம் என்றார். மகனைத் தாய் ஒதுக்கும் காட்சியைப் பொறுக்காமல் சிகையலங்காரப் பெண் வேலையை விட்டுப் போனார்.

பிற்காலத்தில் தெரியவந்த விஷயம் ஒன்று உண்டு. நாம் பார்க்கும் முடிவில் சிறுவன் பெத்ரோவின் பிணம் குப்பைமேட்டில் உருள்கிறது. தணிக்கைக்கோ தியேட்டருக்கோ பயந்து இன்னொரு முடிவும் படமாக்கி வைத்திருந்தார்கள். அதில் பொல்லாத ஹைபோ விழுந்து சாக, பெத்ரோ சீர்திருத்தப் பள்ளிக்குத் திரும்புகிறான். மெக்சிகோ தேசியப் பல்கலைக்கழகத்தின் ஃபிலிம் காப்பகத்தில் அந்தச் சுருள் கிடைத்தது. தயாரிப்பாளரின் மனம் எப்படி வேலை செய்யும் என்று அறிய அந்த ஒரு சுருள் போதும். தேவைப்படவில்லை, ஆனால் தயார்.

1950 நவம்பரில் வெளியாகி சில நாளில் தூக்கப்பட்டது. 1951இல் கான் விழாவில் சிறந்த இயக்குநர் பரிசு கிடைத்ததும் மறுவெளியீட்டில் வாரக்கணக்கில் ஓடியது.

புனுயெலின் கடைசி மெக்சிகோ படங்கள்?

அவற்றின் தயாரிப்பாளர் குஸ்தாவோ அலாத்ரிஸ்தே, மரச்சாமான் வியாபாரி. அவர் பணம் போட்ட ‘விரிதியானா’ 1961இல் கானில் முதல் பரிசு வாங்கியது, ஸ்பெயினில் தடையும் வாங்கியது. ‘சிமோன் தெல் தெசியெர்தோ’ (1965) 45 நிமிடத்தில் திடுதிப்பென்று முடிவதற்குக் கலைக்காரணம் தேட வேண்டாம். பணம் தீர்ந்துபோனது.

மலிவுப் படத்துக்குள் மலிவு எப்படிச் செய்தார்கள்?

கிய்யெர்மோ கால்தெரோனின் அஸ்தெக் மம்மி படங்கள் மூன்றையும் பாருங்கள், 1957-58. ஒரே இயக்குநர், அதே நடிகர்கள், அதே செட், அடுத்தடுத்து எடுத்தவை. மூன்றாவது படத்தில் ரோபோ வருவதற்குள் பெரும்பொழுது பழைய படங்களின் காட்சிகளாலேயே ஓடிவிடும். பேராசிரியர் உட்கார்ந்து “நடந்தது என்னவென்றால்” என்று சொல்லிக்கொண்டிருப்பார். புது நெகட்டிவ் மிச்சம், நடிகர் நாள் மிச்சம். இப்படிப்பட்ட படங்களை அமெரிக்கர் கே. கார்டன் மரே வாங்கி ஃப்ளோரிடாவில் ஆங்கில டப்பிங் செய்து ஓட்டினார். மெக்சிகோவிலேயே போட்ட முதல் திரும்பிவிட்ட படத்துக்கு இது உபரி வரவு.

பெண் தயாரிப்பாளர்கள் இருந்தார்களா?

மிகச் சிலர். மதில்தே லாந்தெதா பல ஆண்டுகள் கன்டினியூட்டி (காட்சித் தொடர்ச்சி கவனிக்கும்) வேலை பார்த்தவர். இயக்கும் வாய்ப்பை யாரும் தராததால் அண்ணனோடு சேர்ந்து சொந்தக் கம்பெனி தொடங்கி, வீட்டை அடமானம் வைத்து ‘லோலா கசனோவா’ (1948) எடுத்தார். வெளியீடு அரைமனதாக நடந்தது. மூன்றாவது படத்துக்குப் (1951) பிறகு கதவு மூடியது. அவர் எழுதிய திரைக்கதை விலைபோனது, ஆனால் இன்னொருவர் இயக்கினார். அடுத்த முழுநீளப் படத்தை அவர் இயக்கி முடிக்க 1991 ஆயிற்று. ஆண் தயாரிப்பாளர் ஒருவர் மூன்று தோல்விக்குப் பிறகும் வங்கியில் நான்காவது கடன் வாங்கிய அதே ஆண்டுகள்தாம் இவை.

நீண்டகாலம் தாக்குப்பிடித்தவர் யார்?

கிரெகோரியோ வாலெர்ஸ்தைன் (1913–2002). ‘மெக்சிகோ சினிமாவின் ஜார்’ என்ற பட்டப்பெயர். 1940களின் தொடக்கத்தில் சிமோன் விஷ்னாக்குடன் ‘ஃபில்மெக்ஸ்’, பிறகு ‘சீமா ஃபிலிம்ஸ்’. ஏறக்குறைய 200 படங்கள். மௌரிசியோ வால் என்ற புனைபெயரில் கதையும் எழுதினார். கதைக்கு வெளியே ஆள் தேடும் செலவு மிச்சம் என்று கிண்டல் செய்யலாம், ஆனால் எந்த நடிகைக்கு எந்தக் கண்ணீர் பொருந்தும் என்று தெரிந்த கை அது.

எல்லாம் எப்போது முடிந்தது?

1950இல் தொலைக்காட்சி வந்தது. 1950களின் இறுதிக்குள் கிளாசா, தெபெயாக், அஸ்தேகா ஸ்டூடியோக்கள் மூடின. 1945இல் ஆர்.கே.ஓ. என்ற ஹாலிவுட் கம்பெனியின் பங்கோடு தொடங்கிய சுருபுஸ்கோ ஸ்டூடியோ அரசிடம் போனது. மெக்சிகோ படங்களுக்கான ஏரியல் விருது 1958க்குப் பிறகு 1972வரை நின்றுபோனது.

பழைய படங்களைத் தேடும்போது எதில் ஏமாறுகிறார்கள்?

முதலில் ஆண்டு. மெக்சிகோ பட்டியல்கள் சில படம் எடுத்த ஆண்டையும், சில வெளியான ஆண்டையும் தருகின்றன. ‘மரியா கந்தெலாரியா’ ஓரிடத்தில் 1943, இன்னோரிடத்தில் 1944. இரண்டு படம் என்று குழம்ப வேண்டாம்.

அடுத்து டைட்டில் அட்டை. ‘ப்ரொதுக்தோர்’ என்பவர்தான் தயாரிப்பாளர். ‘ஹெஃபே தெ ப்ரொதுக்சியோன்’ என்பது தினப்படி செலவையும் ஷெட்யூலையும் பார்க்கும் புரொடக்‌ஷன் மேனேஜர், முதலாளி அல்ல. ஆங்கில டப்பிங் பிரதியில் முதலில் வரும் பெயர் பெரும்பாலும் வாங்கி விற்றவருடையது. 1982 மார்ச் 24 அன்று சினெத்தேக்கா நசியொனால் என்ற தேசியத் திரைப்படக் காப்பகத்தில் பிடித்த தீயில் ஏராளமான சுருள்கள் போயின. அதனால் சில படங்களுக்கு, வெட்டுப்பட்ட அந்த டப்பிங் பிரதியைத் தவிர வேறு எதுவும் கைக்குக் கிடைப்பதில்லை.